பூச்சியம்மாவும் பதினோராயிரம் சீட்டுகளும்

தச்சருக்குப் பதிமூன்று வருஷமாக ஒரு கைதட்டல் மேல் கோபம்.

ஆள் மேல் கோபம் என்றால் என்றைக்காவது எதிரில் வரும்போது நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுத் தீர்த்துக்கொள்ளலாம். கைதட்டலை எங்கே பிடித்து என்ன கேட்பது? தட்டின இருநூறு பேரும் அன்று வீட்டுக்குப் போய்க் கை கழுவும்போதே மறந்திருப்பார்கள். தச்சர் காதை விட்டு மட்டும் இறங்க மாட்டேன் என்கிறது.

அன்றைக்கு மியூசியத்தில் புதுக் கூடம் திறந்தார்கள். ஒரு பக்கத்துச் சுவர் முழுக்கக் கண்ணாடி. கண்ணாடிக்குள் பதினோராயிரத்துச் சொச்சம் வண்டுகள். கறுப்பில் தொடங்கி, பழுப்பாகி, பச்சையாகி, நடுவில் பொன்னாக முடிகிற பெரிய சுழி. பார்த்தவர்கள் வாயைப் பிளந்தார்கள். இயக்குநர் மைக்கைப் பிடித்து, “இந்த அதிசயத்தைச் செஞ்ச கை இதுதாங்க” என்று தச்சரின் மணிக்கட்டைப் பற்றி, குத்துச்சண்டையில் ஜெயித்தவன் கையைப்போலத் தூக்கிக் காட்டினார். இருநூறு பேர் தட்டினார்கள். தச்சர் சிரித்தார். அதைத்தான் அவரால் இன்றுவரை பொறுக்க முடியவில்லை. பல் தெரிய, கன்னம் வலிக்கச் சிரித்தார். அந்தச் சிரிப்போடு தலையைத் திருப்பியபோது, கூடத்தின் கடைசியில் கதவோரம் பூச்சியம்மா நின்றுகொண்டிருந்தார். தோளில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன பை. கையில் தச்சர் செய்துகொடுத்த டிராயர் ஒன்று. அது காலியாக இருந்தது.

பூச்சியம்மா என்பது மியூசியத்துக்காரர்கள் வைத்த பெயர். முகத்துக்கு நேரே ‘மேடம்’, முதுகுக்குப் பின்னால் ‘பூச்சியம்மா’. அவருக்கும் அது தெரியும். பூச்சிப் பிரிவின் காப்பாட்சியராக இருபத்தாறு வயதில் வந்து சேர்ந்தார். வந்த முதல் நாளே காவல்காரர் தச்சரிடம் ஓடிவந்து, “யோவ், புதுசா ஒரு டாக்டரம்மா வந்திருக்கு, எனக்கு முழங்கால் வலிக்குதுன்னு கேட்டுப் பார்க்கவா?” என்றார். கேட்டும் பார்த்தார். “நான் டாக்டர்தான், ஆனா சாணி வண்டுக்கு. உங்க முழங்கால்ல சாணி இருந்தா சொல்லுங்க” என்று பதில் வந்ததாம். காவல்காரர் ஒரு வாரம் அந்தப் பக்கமே போகவில்லை.

உண்மையாகவே சாணி வண்டில்தான் டாக்டர் பட்டம். சாணியை உருட்டிக்கொண்டு போகிற வண்டு, சாணிக்கடியில் குழி தோண்டுகிற வண்டு, இரண்டும் செய்யாமல் அடுத்தவன் உருட்டினதைத் திருடுகிற வண்டு. எல்லாவற்றுக்கும் கணக்காகப் பெயர் சொல்வார். வாரக் கடைசியில் ஒரு கரண்டி, ஒரு வாளி, நாலு புட்டி எடுத்துக்கொண்டு பஸ் ஏறுவார். திரும்பி வரும்போது பஸ்ஸில் அவரைச் சுற்றி மூன்று சீட் காலியாக இருக்குமாம். “எனக்கு எப்பவும் ஜன்னல் சீட்டுதான் மேஸ்திரி” என்பார் தச்சரிடம். தச்சரை அவர் மேஸ்திரி என்றுதான் கூப்பிட்டார், கடைசிவரைக்கும்.

தச்சர் அவரைவிட ஏழு வயது இளையவர். ஐந்தாம் வகுப்போடு படிப்பை விட்டவர். எழுத்துக் கூட்டிப் படித்தால் பெயர்ப்பலகை புரியும், அதற்கு மேல் பொறுமை கிடையாது. மியூசியத்தில் உடைந்த நாற்காலிக்குக் கால் போடுகிற வேலைக்கு வந்தவரைக் கூப்பிட்டுப் பூச்சியம்மா ஒரு பழைய டிராயரைக் காட்டினார். அவருக்கு முன்னால் அந்த அறையில் இருந்தவர் சேர்த்துவைத்துவிட்டுப் போன வண்டுகள், நாலாயிரம் இருக்கும். அந்த டிராயரில் பாதிக்குமேல் வெறும் ஊசி. ஊசிக்கடியில் பொடி.

“என்னம்மா ஆச்சு?”

“தின்னுட்டுது. செத்த பூச்சியைத் தின்னுற ஒரு சின்னப் பூச்சி இருக்கு. எள்ளைவிடப் பொடிசு. மூடிக்கும் சட்டத்துக்கும் நடுவுல ஒரு தாள் நுழையற சந்து இருந்தாப் போதும், குடும்பத்தோட குடி வந்துடும். சந்தே இல்லாத டிராயர் செய்வீங்களா?”

தச்சர் செய்தார். முதல் இரண்டைப் பூச்சியம்மா திருப்பி அனுப்பினார். சிகரெட் சுற்றுகிற மெல்லிய தாள் ஒன்றை மேசையில் வைத்திருப்பார், அதை இடுக்கில் நுழைத்துப் பார்ப்பார். நுழைந்தால், “இது புழுவுக்குக் கட்டின வீடு மேஸ்திரி.” மூன்றாவதில் தாள் மடங்கிப்போனது. கண்ணாடி மூடியை வைத்து விட்டால் உள்ளே இருக்கிற காற்று மூச்சு விடுகிற மாதிரி மெல்ல வெளியேறி, மூடி தானாக இறங்கி உட்காரும். அந்த இறக்கத்தை இருவரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்படி முந்நூற்று இருபது டிராயர்கள். தச்சர் வாழ்நாளில் செய்த உருப்படியான வேலை அதுதான்.

அறை மாடியில், தண்ணீர்த் தொட்டிக்கு அடுத்த கோடியில். ஜன்னல்கள் பெயின்ட் பூசியே ஒட்டிப்போனவை. ஃபேன் உண்டு, போடக் கூடாது, இறக்கை பறந்துவிடும். சாப்பாட்டு டப்பா உள்ளே வரக் கூடாது, வாசலுக்கு வெளியே ஸ்டூலில்தான் இருக்கும். அந்துருண்டை நெடி கண்ணைக் கரிக்கும். அந்த வேக்காட்டில் பூச்சியம்மா நெற்றி வியர்வை சொட்டாமல் இருக்கத் தலையில் ஒரு துண்டைக் கட்டிக்கொண்டு, பூதக்கண்ணாடிக்குக் கீழே வண்டின் வலது முதுகு ஓட்டில் ஊசியை இறக்குவார். எப்போதும் வலது பக்கம்தான். ஊசியில் வண்டுக்குக் கீழே ஒரு சீட்டு, நகத்தளவு. அதில் கறுப்பு மையில், எறும்பு ஊர்ந்த மாதிரி எழுத்து. எந்த இடம், எந்தத் தேதி, எதற்குள் கிடந்தது, யார் பிடித்தது.

அவருக்கு வீடு என்று இருந்தது ஒரு தையல் கடைக்கு மேல் இரண்டு அறை. கடை அவர் தங்கையுடையது. இருவரும் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தங்கையிடம் ஏன் என்று யாராவது கேட்டால், “எனக்கு நேரம் இல்ல. எங்க அக்காவுக்குப் பண்ணி வெச்சா, மாப்பிள்ளையை முதுகுல ஊசி குத்தி டிராயர்ல வெச்சுடுவா. வலது பக்கமா” என்பார். வாய் அப்படி. ஆனால் அக்கா கொண்டுவருகிற ஈர வலைகளையெல்லாம் கிழிசல் தைத்துக் கொடுப்பதும் அந்தத் தங்கைதான்.

இருபத்து மூன்று வருஷம் இப்படி ஓடியது. தங்கைக்குப் பித்தப்பையில் கல். ஆபரேஷன். பூச்சியம்மா வேலைக்கு வந்ததிலிருந்து முதல் தடவையாகப் பன்னிரண்டு நாள் லீவு போட்டார்.

அந்தப் பன்னிரண்டு நாளில்தான் இயக்குநருக்குச் சுவர் யோசனை வந்தது. பெரிய மனிதர் ஒருவர் வருகிறார், திறந்துவைக்கப் புதிதாக ஒன்று வேண்டும். இயக்குநர் கெட்டவர் என்று சொல்ல முடியாது. மியூசியம் ஈயாடிக்கொண்டிருந்தது. நாள் முழுக்கப் பத்துப் பேர் வருவார்கள், அதில் நாலு பேர் மழைக்கு ஒதுங்கினவர்கள். “டிராயருக்குள்ள பூட்டி வெச்சா யாருக்கு என்ன லாபம்? ஜனங்க பார்க்கணும்யா” என்றார். தச்சருக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. தான் செய்த டிராயர்களைக்கூட ஒருத்தரும் பார்த்ததில்லை என்று உள்ளுக்குள் ஒரு குறை இருந்தது.

வண்டுகளைச் சுவர்ப் பலகையில் ஒட்டினாற்போலக் குத்த வேண்டும். சீட்டு இருந்தால் ஒட்டாது, தூக்கி நிற்கும்.

“இந்தக் காகிதமெல்லாம் கண்ணை உறுத்துது. எடுத்துடுங்க” என்றார் இயக்குநர். “தூக்கிப் போட வேண்டாம், பத்திரமா ஒரு டப்பாவுல போட்டு வைங்க.”

தச்சர் தயங்காமல் இல்லை. பெரிய தடிப் பதிவேடு ஒன்று அறையில் இருந்தது, பூச்சியம்மா வருஷக்கணக்காக எழுதுவது. எல்லாம் அதில் இருக்கும் என்று நினைத்துக்கொண்டார். அதில் இருந்தது எந்த டிராயரில் எந்த இனம், எத்தனை என்பது மட்டும்தான். ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். ஆஸ்பத்திரியில் தங்கை பக்கத்தில் உட்கார்ந்திருக்கிற மனுஷியை எதற்குத் தொந்தரவு செய்வது என்று விட்டுவிட்டார். நல்ல எண்ணம்தான். அந்த நல்ல எண்ணத்தைத்தான் அவரால் இன்னும் மன்னிக்க முடியவில்லை.

ஒன்பது நாள், காலையில் உட்கார்ந்தால் சாயங்காலம்வரை. தட்டை மூக்குக் குறடால் ஊசியைப் பிடித்து, இடுக்கியால் சீட்டைக் கீழ்ப்பக்கமாக உருவினார். ஒரு வண்டுக்குக் கால் ஒடியவில்லை. ஒரு மீசைகூட உதிரவில்லை. உருவின சீட்டுகள் சுருண்டு கிடந்தன. அலங்கோலமாக டப்பாவில் கொட்ட மனசு வரவில்லை. தொழில் புத்தி. பிளைவுட் மேல்தாள்களை அடுக்குகிற மாதிரி, பெரிசு தனி, நடுத்தரம் தனி, சிறிசு தனி என்று பிரித்து, நீவி, நூறு நூறாக ரப்பர் பேண்டு போட்டு, பிஸ்கட் டப்பா ஒன்றில் வரிசையாக வைத்தார். அவர் வைத்ததில் அவ்வளவு சுத்தம்.

உருவின வரிசையிலேயே கொட்டியிருந்தால்கூடத் தலை வால் கண்டுபிடித்திருக்கலாம்.

திறப்பு விழா முடிந்து கூட்டம் கலைந்த பிறகு பூச்சியம்மா மாடி அறையில் ஸ்டூல் மேல் உட்கார்ந்திருந்தார். சத்தம் போடவில்லை. தச்சர் உள்ளே போனதும் கேட்டார்.

“சீட்டெல்லாம் எங்க?”

“பத்திரமா இருக்கும்மா.” டப்பாவைக் கொண்டுவந்து திறந்து காட்டினார்.

அவர் ஒரு கட்டை எடுத்து ரப்பர் பேண்டை விரலால் இழுத்துப் பார்த்தார். “எந்த வரிசையில வெச்சிருக்கீங்க?”

“அளவு வாரியாம்மா. பெருசு, நடுத்தரம், சிறுசு.”

தண்ணீர்த் தொட்டியில் மோட்டார் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது.

“அழகாக் கட்டியிருக்கீங்க மேஸ்திரி” என்றார்.

திட்டியிருந்தால் தச்சர் அன்றைக்கே ஊரைவிட்டுப் போயிருப்பார், நிம்மதியாக.

என்ன போனது என்று அவருக்கு மெல்ல மெல்லத்தான் விளங்கியது. பூச்சியம்மா ஒருநாள் அவரைச் சுவருக்கு முன் நிறுத்தி, விரலைக் கண்ணாடியில் வைத்தார். “இந்தக் கொம்பு வெச்சவன் இருக்கானே, இவன் கூட்டம் கிழக்குக் குளத்துக் கரையில இருந்துச்சு. இப்ப அங்க என்ன இருக்கு?”

“பஸ் டிப்போ.”

“அங்க இவன் இருந்தான்னு யாருக்குத் தெரியும்? குளத்துக்குத் தெரியாது, அதுவே இல்ல. அந்தச் சீட்டு ஒண்ணுதான் சாட்சி. சீட்டு இல்லாட்டி இவன் சும்மா ஒரு கறுப்பு வண்டு. சட்டைப் பொத்தான் மாதிரி.”

இவன் அந்தக் குளத்து ஆளா, இல்லை அவருக்கு முன்னால் இருந்தவர் எங்கிருந்தோ கொண்டுவந்த ஆளா என்பதையும் அந்தச் சீட்டுதான் சொல்லும்.

அதன் பிறகு பூச்சியம்மாவின் வாழ்க்கை ஒரே வேலை: சீட்டை வண்டோடு சேர்ப்பது. எந்தச் சீட்டு எந்த ஊசியில் இருந்தது என்று கண்டுபிடிக்க மூன்று வழிகள் இருந்தன. சீட்டில் ஊசி போன துளையின் அளவு, துளையைச் சுற்றிப் பச்சையாகப் படிந்த ஊசிக் களிம்பு, அப்புறம் அவருடைய வெளிவேலை நோட்டுகள். ‘இன்று தூறல். குளத்து வடகரை. கொம்பன் ஏழு, பச்சை இரண்டு’ என்று அன்றன்றைக்கு எழுதினவை. மூன்றும் ஒத்துவந்தால்தான் குத்துவார். இரண்டு ஒத்து ஒன்று ஒதுங்கினால் சீட்டு டப்பாவுக்கே திரும்பும். வாரத்தில் மியூசியம் மூடுகிற ஒரு நாள் சுவர்க் கண்ணாடியைத் தச்சர் கழற்றுவார். சில நாள் ஒன்பது சேரும். பல நாள் ஒன்றும் சேராது.

இயக்குநர் ஒருமுறை வந்து எட்டிப் பார்த்தார். “ஏம்மா உசுரை விடுறீங்க? தோதா இருக்கற ஒண்ணைக் குத்திட்டுப் போங்க. யாருக்குத் தெரியப் போகுது?”

“எனக்குத் தெரியும் சார்.”

“நீங்க ரிட்டயர் ஆயிடுவீங்க.”

“அப்புறம் பார்க்கறவன் நம்பிடுவான் சார். அதுதான் பிரச்சினை. சீட்டு இல்லாட்டி தெரியலன்னு விட்டுடுவான். பொய்ச் சீட்டு இருந்தா நம்பிடுவான்.”

இயக்குநர் தோளைக் குலுக்கிக்கொண்டு போனார். நாலு வருஷத்தில் அவரே மாற்றலாகிப் போனார். சுவரும் போனது. அந்த இடத்தில் ஆளுயர டி.வி. ஒன்று வைத்தார்கள். வண்டுகளைக் கழற்றி, கண்ட கண்ட டிராயரில் குத்தி மாடிக்கு அனுப்பினார்கள். பதினோராயிரத்து இருநூற்று நாற்பது. அந்தச் சுழிக்காகத்தான் அத்தனையும்.

தையல்காரத் தங்கை தச்சரைப் பார்க்கும்போதெல்லாம் ஒரே பாட்டு. “உங்களைச் சொல்லிக் குத்தமில்ல மேஸ்திரி. என் வயித்துல இருந்த கல்லு பண்ணின வேலை. டாக்டர் அதை ஒரு புட்டியில போட்டுக் குடுத்தாரு. அதுக்குக்கூட எங்க அக்கா ஒரு சீட்டு எழுதி ஒட்டினா, எந்தத் தேதி, எந்த வயிறுன்னு. அது ஒண்ணுதான் ஒழுங்கா மிஞ்சியிருக்கு.” சொல்லிவிட்டுச் சிரிப்பார். சிரித்து முடிக்கிற இடத்தில் மெஷினை வேகமாக மிதிப்பார்.

ஐம்பத்தெட்டில் பூச்சியம்மா ஓய்வு பெற்றார். பதவிக்கு வேறு ஆள் போடவில்லை. அவரே பார்வையாளர் சீட்டு வாங்கிக்கொண்டு தினமும் வந்தார். காவல்காரர் அந்தச் சீட்டைக் கிழிக்காமல் அப்படியே திருப்பிக் கொடுத்துவிடுவார்.

அந்த வருஷமே கண் போக ஆரம்பித்தது. ஓரம் தெரியும், நடு தெரியாது. முகத்தைப் பார்த்தால் காது தெரியும், மூக்கு தெரியாது. “உங்களுக்கு இப்ப முகமே இல்ல மேஸ்திரி. ஒண்ணும் நஷ்டமில்ல” என்றார். நகத்தளவுச் சீட்டில் எறும்பு எழுத்துக்கு நடுப் பார்வைதான் வேண்டும். அதுவரை சேர்ந்தவை மூவாயிரத்து அறுபது.

தச்சர் கண் கொடுத்தார். ஐந்தாம் வகுப்புக் கண். பூதக்கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டிச் சீட்டைப் படிப்பார். பூச்சியம்மா கண்ணை மூடி, நோட்டைத் திறக்காமலே, “அன்னிக்கு மலையடிவாரத்துல இருந்தேன். பழுப்பு முதுகு, நாலு. மூணு சேர்ந்தாச்சு. பன்னிரண்டாம் டிராயர்ல தேடுங்க” என்பார். தச்சர் தேடி எடுத்துத் துளையைப் பார்ப்பார்.

“பொருந்துதா?”

“இல்லம்மா.”

“அடுத்தது.”

மனுஷி நோட்டுகளை மனப்பாடமாக வைத்திருந்தார், இருபது வருஷத்து மழை, வெயில், சாணி, எல்லாம். அதைக் கேட்கக் கேட்க, தான் படிக்காமல் விட்டது எவ்வளவு என்று தச்சருக்கு மலைப்பாக இருக்கும்.

ஒருநாள் பூச்சியம்மா கண் டாக்டரிடம் போய்விட்டு நேரே வந்தார். “இனிமே மருந்து இல்லன்னுட்டார்” என்றார், பஸ் இல்லை என்று சொல்கிற மாதிரி. பிறகு, “சரி, படிங்க.” அன்றைக்குப் படித்த பதினேழு சீட்டிலும் ஒன்றுகூடப் பொருந்தவில்லை. பதினெட்டாவது. துளை கொஞ்சம் பெரியது, ஊசி கொஞ்சம் சின்னது.

“பொருந்துதா?”

அவர் முகத்தைப் பார்த்தார் தச்சர். அந்த முகம் அவர் பக்கம் திரும்பியிருந்தது, ஆனால் அவரைப் பார்க்கவில்லை.

“பொருந்துதும்மா” என்றார்.

“களிம்பு?”

“அதுவும் சரியா இருக்கு.”

பூச்சியம்மா மூச்சை விட்டார். தச்சர் செய்த டிராயர் மூடி இறங்குகிற மாதிரி இருந்தது அது. அந்த ஒரு மூச்சுக்காக அடுத்த வாரம் இன்னொரு பொய். அப்புறம் மாதத்துக்கு நாலு. அப்புறம் அவரே எண்ணுவதை விட்டுவிட்டார். மெய்யும் சேர்ந்தது, பொய்யும் சேர்ந்தது. ஒன்றரை வருஷத்தில் எழுநூற்று முப்பது சேர்ந்தன. பூச்சியம்மா நடையில்கூட ஒரு துள்ளல் வந்தது. தங்கையிடம் கடையில் போய், “மேஸ்திரி கை ராசியான கைடி” என்று சொன்னாராம். அதைக் கேள்விப்பட்ட இரவு தச்சர் சாப்பிடவில்லை. மறுநாளாவது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

மாட்டினது ஒரு கொம்பனால்.

“கிழக்குக் குளம், வடகரை” என்று தச்சர் கூட்டிக் கூட்டிப் படித்தார். தேதியையும் படித்தார். பூச்சியம்மா எதுவும் சொல்வதற்கு முன், “கொம்பன் ஒண்ணு எடுத்துப் பார்த்தேம்மா, அப்படியே பொருந்துது” என்றார். கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டார். நல்ல செய்தி சொல்கிற அவசரம்.

பூச்சியம்மா விரல்களை மடக்கிக்கொண்டிருந்தார்.

“அன்னிக்குக் கொம்பன் ஏழுதான் புடிச்சேன்” என்றார். “ஏழும் சேர்ந்தாச்சு. ஏழாவது போன மாசம், நீங்கதான் பார்த்துச் சொன்னீங்க. இது எட்டாவது. எட்டாவது எங்கிருந்து வந்துச்சு?”

தச்சர் சீட்டைப் பூதக்கண்ணாடிக்கடியில் மறுபடி வைத்தார்.

“மேஸ்திரி. எட்டாவது எங்கிருந்து வந்துச்சு?”

“அம்மா…”

“எத்தனை நாளா?”

“டாக்டர்கிட்ட போயிட்டு வந்தீங்களே. அன்னிலேருந்து.”

“எதெல்லாம்?”

“தெரியலம்மா. எல்லாம் இல்ல. ஒரு இருநூறு இருக்கும். எது எதுன்னு எனக்கே தெரியல.”

அப்போதுதான் அவர் கோபப்பட்டுத் தச்சர் முதலும் கடைசியுமாகப் பார்த்தார். குரல் ஏறவில்லை, உதடு மட்டும் வெளுத்துப்போனது. “முதல் தடவை தெரியாம செஞ்சே. ஒரு வார்த்தை சொன்னேனா? இது தெரிஞ்சு செஞ்சது. நான் குருடியானதும் செஞ்சது.”

தச்சர் ஐம்பத்திரண்டு வயதில், அந்துருண்டை நெடிக்கு நடுவில், தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். “உங்க மனசு சந்தோஷப்படட்டும்னுதாம்மா…”

“பூச்சிக்கும் உன்னை மாதிரி நல்ல மனசுக்காரங்கதான் எமன்.”

பிறகு பழைய குரலில், “உட்காருங்க. அந்த எழுநூத்து முப்பதையும் உருவுங்க” என்றார்.

“நிஜமானதும் அதுல இருக்கேம்மா. ஐநூறுக்கு மேல.”

“எதுன்னு காட்டுவீங்களா?”

காட்ட முடியாது. உருவினார். அதே குறடு, அதே இடுக்கி. கை ஓடாமல் ஐந்து நாள் ஆனது. இந்தத் தடவை ஒரு வண்டுக்குக் கால் ஒடிந்தது, இன்னொன்றுக்குக் கொம்பு. உருவின சீட்டுகளை அளவு பார்த்து அடுக்கவில்லை. அதனால் ஆகப்போவதும் ஒன்றுமில்லை. ஐந்து நாளும் பூச்சியம்மா எதிரே உட்கார்ந்து, ஒவ்வொரு சீட்டும் டப்பாவில் விழுகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தார். காகிதம் விழுந்தால் சத்தம் வருமா என்று கேட்கலாம். தச்சருக்கும் கேட்டது.

அதற்குப் பிறகு பூச்சியம்மா மாடி ஏறவில்லை. தச்சர் தையல் கடைப் பக்கம் போகாமல் சுற்றுவழியாக வீட்டுக்குப் போனார். ஆறேழு மாதம் கழித்துத் தங்கையே மியூசியத்துக்கு வந்து, மரத்தூளுக்கு நடுவில் நின்று, “உங்களைக் கூப்பிடுறா. சிறுநீரகம் ரெண்டும் நின்னுபோச்சு. இப்பவே வாங்க, அப்புறம் வந்து அழாதீங்க” என்றார். அன்றைக்கு அவர் வாயில் வேடிக்கை இல்லை.

கடைக்கு மேல் இருந்த இரண்டு அறையில் உள் அறை. கட்டில் ஜன்னலோரம். “ஜன்னல் சீட்டு” என்றார் பூச்சியம்மா, தச்சர் வந்த சத்தம் கேட்டு. கால் இரண்டும் வீங்கி, தோல் மினுங்கியது. ஆள் மட்டும் பாதியாகியிருந்தார். கீழே மெஷின் ஓடவில்லை. தங்கை வாசற்படியில் உட்கார்ந்து ஒரு துணியின் ஓரத்தை மடித்து மடித்துப் பிரித்துக்கொண்டிருந்தார்.

தச்சர் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தார். அவர் கையை ஆட்டினார், ஈ ஓட்டுகிற மாதிரி. “அதுக்கு நேரமில்ல. மிச்சம் எத்தனை?”

“எட்டாயிரத்து நூத்தி எண்பதும்மா.”

“சரியா எண்ணினீங்களா?”

“மூணு தடவை எண்ணினேன்.”

“அந்த எட்டாயிரத்து நூத்தி எண்பதுக்கும் சீட்டு வெட்டுங்க. பழைய அளவு. மேசை இழுப்பறையில காகிதம் இருக்கு, மை இருக்கு. நீங்களே எழுதுங்க, உங்க கையாலேயே. அவசரப்பட வேண்டாம். எழுத்து கோணினாலும் பரவாயில்ல.” மூச்சு வாங்கிக்கொண்டார். “எந்த இடம்னு தெரியாது. எந்தத் தேதின்னு தெரியாது. யார் புடிச்சதுன்னு தெரியாது. மூணு வரி. ஒவ்வொண்ணுலயும்.”

“யார் புடிச்சதுன்னு தெரியுமேம்மா. நீங்கதானே.”

“எனக்கு முன்னாடி இருந்தவர் புடிச்சது நாலாயிரம் கலந்து கிடக்கு. எது அவரோடது, எது என்னோடதுன்னு சொல்ல முடியுமா?”

“பாதிக்கு மேல உங்களோடதும்மா. போட்டா என்ன? உங்க பேரு ஒரு இடத்துலயாவது…”

“மறுபடியுமா?” என்றார்.

தச்சர் மூன்று வரியையும் விரல்விட்டு எண்ணிக்கொண்டார்.

“தெரியாதுன்னே எழுதுங்க. டப்பாவைத் தூக்கிப் போட்டுடாதீங்க, கடைசி டிராயர்ல வெச்சு மூடுங்க. மூடினதும் தாள் நுழையுதான்னு பாருங்க.” முகத்தைக் கொஞ்சம் திருப்பி, ஓரக் கண்ணால் தச்சரின் காதையோ தோளையோ பிடித்துப் பார்த்தார். “இன்னொண்ணு மேஸ்திரி. சீட்டு எழுதினது யாருன்னு கடைசியில ஒரு வரி போடணும், அதுதான் முறை. அங்க உங்க பேரை எழுதுங்க. எட்டாயிரத்து நூத்தி எண்பதுலயும் எழுதுங்க. அது ஒண்ணுதான் நமக்கு நிச்சயமாத் தெரியும்.”